இரண்டு முறை வந்த வியாழக்கிழமை

பிப்ரவரி 9

சின்னவளுக்கு,

போன் இருக்கும்போது இவள் ஏன் கடிதம் எழுதுகிறாள் என்று நினைப்பாய். போனில் நீ இரண்டு நிமிடம் பேசினால் நான் சமாதானமாகிவிடுவேன். அதனால் எழுதுகிறேன். நீயும் எழுது.

வீட்டுக்காரர் மொட்டை மாடித் தளத்தைப் பெயர்த்துப் போடப் போகிறாராம். யந்திரத்தைக் கழற்ற வேண்டியதாகிவிட்டது. நேற்று பின்னறை அலமாரியின் பின்பலகையை எடுத்தபோது அதற்கும் சுவருக்கும் நடுவில் நம் குறிப்பு நோட்டு இருந்தது. மழையில் நனைந்து கூழாகிவிட்டது, தூக்கிப் போட்டுவிட்டேன் என்று நான்கு வருடத்துக்கு முன்னால் நீ சொன்ன அதே நோட்டு. ஒரு சொட்டு ஈரம் பட்ட அடையாளம் இல்லை.

என் ஞாபகத்தில் இருப்பதை வரிசையாக எழுதுகிறேன். எந்த இடத்தில் தப்பு என்று நீ சொல்ல வேண்டும்.

நீ கடிகாரம் பழுது பார்க்கும் கடையிலும் நான் மூக்குக்கண்ணாடிப் பட்டறையிலும் சேர்ந்த புதிதில் அந்த யந்திரத்தைத் தொடங்கினோம். பல்சக்கரங்கள் உன் வேலை, வெளிச்சம் பிடிக்கும் கண்ணாடியான ஆடி என் வேலை. மாடியில் இருக்கும் ஆடி ஒரே ஒரு நட்சத்திரத்தைத்தான் பார்க்கும். அதன் வெளிச்சம் குழாய் வழியாக இறங்கி, அலமாரிக்குள் இருக்கும் தடித்த குடுவையில் சேரும், நிறையத் தண்ணீர் விட்ட பால் போல. ஒரு வருட வெளிச்சத்துக்கு இரண்டு மணி நேரம். அலமாரிக்குள் உட்கார்ந்து கைப்பிடியைத் திருப்பினால் உலகம் அவ்வளவு நேரம் பின்னால் போகும். உள்ளே உட்கார்ந்தவருக்கு நடந்தது ஞாபகம் இருக்கும். உள்ளே இருக்கும் பொருளும் மாறாது. வெளியில் இருப்பவர்களுக்கு ஒன்றும் தெரியாது. பாதியில் நிறுத்தவும் முடியாது, திருப்பினால் குடுவை மொத்தமும் காலி.

முதல் வருட வெளிச்சத்தை இருவரும் உள்ளே நெருக்கி உட்கார்ந்து செலவழித்தோம். வெளியே வந்தபோது, காலையில் நான் உடைத்த கோப்பை சமையலறைத் திண்டில் முழுசாக இருந்தது. அன்றைக்குத்தான் பேசிக்கொண்டோம்: இனி இதைத் திருப்புவதென்றால் இருவரும் சேர்ந்துதான், ஒருத்தி மட்டும் தொடக் கூடாது என்று. இது சரிதானே?

பிறகு பன்னிரண்டு வருடம் சேர்த்தோம். அதில் கடைசி ஆறு வருடம் அம்மா படுக்கையில். அந்த நவம்பர் வியாழக்கிழமை நான் பட்டறையில் இருந்தேன். ஆறு மணிக்கு வீட்டுக்கு வந்தால் பூட்டு. பக்கத்து வீட்டுத் தையல்காரர்தான் ஆஸ்பத்திரி என்றார். நான் போனபோது முகத்தை மூடிவிட்டிருந்தார்கள். நடையில் சித்தியையும் மாமாவையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு நீ சொன்னாய்: “ரெண்டு தடவ பட்டறைக்குப் போன் பண்ணேன்க்கா. நீ வரவே இல்ல.”

ஒரு மாதம் கழித்துக் குடுவையைப் பார்த்தால் இருட்டு. முதல் தடவைக்குப் பிறகு ஆடியில் வளைவு தப்பியிருக்கிறது, வெளிச்சம் சேரவே இல்லை, நாம் பார்த்தது வெறும் கண்ணாடியின் பளபளப்பு என்று நீதான் விளக்கினாய். நம்பினேன். நீ வேற்றூருக்கு வேலைக்குப் போன பிறகு, பத்து மாதம் உட்கார்ந்து அந்த ஆடியை மறுபடி தேய்த்தேன். அதில் கெட்டுப்போன வலது கட்டைவிரல் இன்றைக்கும் முழுசாக மடங்காது.

இப்போது நோட்டில் இருப்பதை எழுதுகிறேன். கடைசிப் பக்கம். அந்த வியாழக்கிழமைத் தேதி.

‘அம்மா 4.20க்குப் போய்விட்டாள். நான் பக்கத்தில் இருந்தேன். கையைப் பிடித்திருந்தேன். திருப்ப வேண்டாம், அவள் பட்டது போதும் என்று இருவரும் முடிவு செய்தோம்.’

என் கையெழுத்து. ‘ழ’வுக்கு நான் இழுக்கும் வால் உனக்குத் தெரியும். இதை நான் எழுதியதாக எனக்கு ஞாபகமே இல்லை.

பதில் எழுது.

அக்கா

*

பிப்ரவரி 20

அன்புள்ள அக்கா,

உன் கடிதம் வந்து ஒரு வாரம் ஆகிறது. இங்கே ரயில் நிலையத்துக் கடிகாரத்தைப் பிரித்துப் போட்டிருக்கிறோம், ஏணியிலேயே பொழுது போகிறது. அதனால்தான் தாமதம். இல்லை, அது காரணம் இல்லை. உனக்கே தெரியும்.

ஆமாம், திருப்பினேன்.

முதலில் வந்த அந்த வியாழக்கிழமை நீ அலமாரிக்குள் உட்கார்ந்து அழுதுவிட்டு, அங்கேயே நோட்டில் எழுதி வைத்துவிட்டு, டாக்டரைக் கூட்டிவரப் போனாய். மணி ஆறு இருக்கும். வீட்டில் நானும் அம்மாவும் மட்டும். நீ முடிவு செய்தாய், நான் தலையாட்டினேன், அவ்வளவுதான் அக்கா. ஆனால் தனியாக அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார முடியவில்லை. கடை வேலையை விட்டுவிட்டு ஆறு வருடம் குளிப்பாட்டி, புரட்டிப் படுக்க வைத்து, ஸ்பூனால் பால் கொடுத்தவள் நான். நீ காலையில் போய் மாலையில் வருகிறவள். உனக்கு விட்டுவிட முடிந்தது. எனக்கு முடியவில்லை. ஒரு நாள் முன்னால் போய் ஆஸ்பத்திரியில் சேர்த்தால் பிழைத்துவிடுவாள் என்று தோன்றியது. உள்ளே போய்க் கைப்பிடியைத் திருப்பிவிட்டேன்.

மறுபடி வந்த வியாழக்கிழமை மத்தியானம் அவளை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனேன். எல்லாம் செய்தார்கள். அதே 4.20. ஒரு நிமிடம்கூடத் தள்ளிப்போகவில்லை.

அந்த அவசரத்தில் நீ வர முடியாமல் போனது என் தலைவிதி. போன் பண்ணினேன். உங்கள் பட்டறையில் யார் எடுத்தார்களோ, அந்த மெஷின் சத்தத்தில் என்ன கேட்டதோ.

சொன்னால் நீ உடைந்து போவாய் என்றுதான் ஆடியைக் குறை சொன்னேன். அது தப்பு. விரல் விஷயம் எனக்குத் தெரியாது, தெரிந்திருந்தால் தேய்க்க விட்டிருக்க மாட்டேன். நோட்டைக் கிழிக்க இரண்டு தடவை எடுத்தேன், கை வரவில்லை. நீ அங்கே இருந்ததற்கு அது ஒன்றுதான் சாட்சி. நான் கெட்டவளாக இருந்தால் அதைக் கொளுத்தியிருக்க மாட்டேனா?

அடுத்த மாதம் லீவு கிடைக்கும். வரட்டுமா?

சின்னவள்

*

பிப்ரவரி 27

சின்னவளுக்கு,

வராதே.

பட்டறையில் போன் எடுப்பது யார் என்று உனக்குத் தெரியாதா? பதினைந்து வருடமாக வாசல் மேஜையில் உட்கார்ந்திருக்கும் அதே அம்மாள்தான். நீ எத்தனையோ தடவை பேசியிருக்கிறாய். நேற்று அவரிடம் கேட்டேன். கேட்கவே கூச்சமாக இருந்தது.

“அன்னைக்கு உங்க வீட்லேருந்து போனே வரலம்மா,” என்றார். “உங்க அம்மா படுத்திருக்காங்கன்னு எனக்குத் தெரியாதா? வந்திருந்தா மெஷின நிறுத்தச் சொல்லி நானே ஓடி வந்திருப்பேனே.”

“நாலு வருஷம் ஆச்சே, மறந்திருக்கலாம்,” என்றேன்.

“நீங்க மறுவாரம் வந்து எங்கிட்ட சத்தம் போட்டீங்க, ஏன் சொல்லலன்னு. என் மேல பழி வந்த நாள நான் மறப்பேனா?”

உண்மைதான். சத்தம் போட்டிருக்கிறேன். அந்த அம்மாள் அன்றைக்கு அழுதார். பிறகு நான்கு வருடமாகத் தினமும் எனக்கு வணக்கம் சொல்கிறார்.

உன் கடிதத்தை மறுபடி படித்தேன். ஒரு கணக்கு இடிக்கிறது. பன்னிரண்டு வருட வெளிச்சம் என்றால் இருபத்துநான்கு மணி நேரம். வியாழன் மாலை ஆறு மணிக்குத் திருப்பியிருந்தால் நீ போய் இறங்கியது புதன் மாலை ஆறு மணி. அப்போது நான் வீட்டுக்கு வந்துவிட்டிருந்தேன். வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தேன், நீ பின்னறையிலிருந்து வெளிறிப்போய் வந்தாய், தலைவலி என்றாய். மறுநாள் காலை அம்மா சோர்வாக இருந்தாள். “நான் லீவு போடட்டுமாடி?” என்று கேட்டேன். நீ என் சாப்பாட்டு டப்பாவை மூடிக்கொண்டே சொன்னது எழுத்து மாறாமல் ஞாபகம் இருக்கிறது. “நீ போக்கா, நான் பாத்துக்கறேன்.”

நாலு இருபது என்று தெரிந்துகொண்டு என்னை அனுப்பினாய்.

அடக்கத்துக்கு வந்தவர்கள் ஒவ்வொருவரிடமும் நான் மன்னிப்புக் கேட்டேன். சித்தி இன்று வரை என்னோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை. ‘பெத்தவ சாகும்போதுகூட வேலைதான் பெருசா இருந்துச்சு இவளுக்கு’ என்று மாமா சொன்னபோது நீ பக்கத்தில் நின்று தண்ணீர் ஊற்றிக்கொடுத்துக்கொண்டிருந்தாய். வாயைத் திறந்து ஒரு வார்த்தை சொன்னாயா?

போன் பண்ணினாயா இல்லையா? இதற்கு மட்டும் பதில் எழுது.

அக்கா

*

மார்ச் 5

அக்கா,

பண்ணவில்லை.

சின்னவள்

*

மார்ச் 8

அக்கா,

அதற்கு மேல் அன்றைக்கு எழுத வரவில்லை. நீயும் பதில் போடமாட்டாய் என்று தெரியும். நானே சொல்லிவிடுகிறேன்.

முதல் வியாழக்கிழமை நான் போன் பண்ணினேன். அம்மா மூச்சு இழுக்க ஆரம்பித்ததும் பட்டறைக்குப் பேசினேன், நீ அரை மணியில் வந்துவிட்டாய். கையெல்லாம் தேய்ப்புப் பொடி. கழுவக்கூட இல்லை. கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தாய். நான் பால் எடுத்துக்கொண்டு வந்து நிலைப்படியில் நின்றேன். அதற்கப்புறம் அம்மா பேசினாள். இரண்டு நாளாகப் பேச்சே இல்லாதவள், உன் கை பட்டதும் பேசினாள்.

அவள் பேசியதில் எனக்கு ஒன்றும் இல்லை. ஒன்றும் இல்லாததோடு முடிந்திருந்தால்கூடப் பரவாயில்லை. அதைக் கேட்டபின் எனக்கு ஆத்திரம் வந்தது. செத்துப்போனவள் மேல் ஆத்திரப்பட்டுக்கொண்டு ஒரு மணி நேரம் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். ஆஸ்பத்திரி, பிழைக்க வைப்பது எல்லாம் பிறகு எனக்கு நானே சொல்லிக்கொண்டது. அன்றைக்கு என் மனதில் இருந்தது ஒன்றுதான். இன்னொரு தடவை இது நடக்கட்டும், இந்தத் தடவை நான் மட்டும் இருக்கிறேன், அப்போது என்ன சொல்கிறாள் பார்க்கலாம்.

அதனால்தான் உன்னை அனுப்பினேன். மத்தியானம் மூச்சு இழுக்க ஆரம்பித்ததும் பயந்துவிட்டேன், ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினேன். ஆனால் போனை எடுக்கவில்லை. ஆஸ்பத்திரி வாசலிலும் ஒரு போன் இருந்தது. அதைத் தாண்டி மூன்று தடவை போய் வந்தேன்.

இப்போது உனக்கு எல்லாம் தெரியும்.

சின்னவள்

*

மார்ச் 14

சின்னவளுக்கு,

எல்லாம் தெரியாது. அம்மா என்னிடம் என்ன சொன்னாள் என்று நீ எழுதவில்லை. நான் என்ன பதில் சொன்னேன் என்றும் எழுதவில்லை. அது என் காது கேட்டது, என் வாய் பேசியது. உன் தலைக்குள் வைத்திருக்கிறாய். அனுப்பு.

இரண்டாம் தடவை உன்னிடம் என்ன சொன்னாள் என்பதையும் எழுது.

சித்திக்கும் மாமாவுக்கும் நீயே எழுது. யந்திரத்தைப் பற்றிச் சொன்னால் உனக்குப் பைத்தியம் என்பார்கள். அது வேண்டாம். ‘அக்காவுக்கு நான் போன் பண்ணவில்லை. பண்ணினேன் என்று பொய் சொன்னேன்.’ இந்த இரண்டு வரி போதும்.

ஆடியை இன்னும் இறக்கவில்லை. வீட்டுக்காரர் மழைக்கு முன்னால் முடித்தால் போதும் என்கிறார்.

அக்கா

*

மார்ச் 23

அக்கா,

சித்திக்கும் மாமாவுக்கும் எழுதிவிட்டேன். மாமா போன் பண்ணினார். என்ன சொன்னார் என்று எழுத வேண்டாம்.

அம்மா சொன்னதை எழுதுகிறேன். நான்கு வருடமாக மனதுக்குள் ஓடிக்கொண்டிருப்பதால் ஒரு சொல்கூட மாறாது.

“பெரியவளே, உன்ன சித்தி வீட்டுக்கு அனுப்பியிருக்கக் கூடாது. அஞ்சு வயசுப் பிள்ள. மூணு வருஷம். ஒவ்வொரு தடவ நான் பாக்க வரும்போதும் செருப்பப் போட்டுக்கிட்டு வாசல்ல நிப்ப, கூட்டிட்டுப் போயிருவேன்னு. நான் திரும்பிப் பாக்காம வருவேன். அந்தப் பாவம் எனக்குப் போகல.”

நீ அவள் தலையைத் தடவிக்கொண்டே இருந்தாய். அப்புறம் சொன்னாள்:

“கைக்குழந்தைய வச்சுக்கிட்டு ரெண்டு பேர சமாளிக்க முடியல. அனுப்புறதா இருந்தா இவள அனுப்பியிருக்கணும். இவளுக்கு என்ன தெரிஞ்சிருக்கப் போகுது. தப்பானவள வச்சுக்கிட்டேன்.”

நான் பால் டம்ளரோடு நின்றுகொண்டிருந்தேன். அவளுக்குக் கண் தெரியாததால் நான் இருப்பது தெரியவில்லை. உனக்குத் தெரிந்தது. நீ என்னைத் திரும்பிப் பார்த்தாய். பிறகு அம்மாவிடம் சொன்னாய்: “அவள ஒண்ணும் சொல்லாதம்மா. அவ இல்லன்னா இந்த ஆறு வருஷம் உனக்கு யாரு இருந்தா. எனக்கு உன் மேல கோவம் இல்ல. தூங்கு.”

அவள் தூங்கிப்போனாள். அதுதான் முதல் வியாழக்கிழமை.

இரண்டாவதில் அவள் ஆஸ்பத்திரிக் கட்டிலில் இருந்தாள். நான் மட்டும் பக்கத்தில். நான்தாம்மா, நான்தாம்மா என்று கையைப் பிடித்துக்கொண்டேன். “பெரியவ வந்தாளா?” என்றாள். வரலம்மா, நான் இருக்கேன் என்றேன். “பெரியவ வந்தாளா?” நான்கு தடவை கேட்டாள். மணி நாலு தாண்டிவிட்டது. இன்னும் எத்தனை நிமிடம் என்று எனக்கு மட்டும் தெரியும். இனி உன்னைக் கூப்பிட்டாலும் நீ வந்து சேர முடியாது.

அக்கா, இதை எப்படி எழுதுவது. உன் குரலில் சொன்னேன். “வந்துட்டேம்மா.”

என் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு எல்லாவற்றையும் மறுபடி சொன்னாள். சித்தி வீடு, செருப்பு, வாசல். இவளை அனுப்பியிருக்க வேண்டும், தப்பானவளை வைத்துக்கொண்டேன் என்பதையும் என் முகத்துக்கு நேராகச் சொன்னாள். நீ முதல் தடவை சொன்ன பதிலைச் சொல்லலாம் என்று வாயைத் திறந்தேன். அவளை ஒன்றும் சொல்லாதே அம்மா என்று எனக்காக நானே எப்படிச் சொல்வது. வரவில்லை. “ஆமாம்மா” என்றேன். அதைக் கேட்டுக்கொண்டுதான் போனாள்.

அந்தப் பேச்சில் எனக்கென்று ஏதாவது கிடைக்கும் என்று உன்னுடையதைப் பிடுங்கினேன். கிடைத்ததும் உன்னுடையதுதான்.

நான் ஒன்று கேட்கிறேன். கேட்க எனக்குத் தகுதி இல்லை என்று தெரியும். பேச வேண்டாம், வர வேண்டாம். ‘சரி விடு’ என்று ஒரு வார்த்தை எழுதினால் போதும். நான் ஒழுங்காகச் சாப்பிட்டுப் பல நாள் ஆகிறது.

சின்னவள்

*

ஏப்ரல் 2

சின்னவளுக்கு,

உன் கடிதம் செவ்வாய்க்கிழமை காலை பத்து மணிக்கு வந்தது. நின்றுகொண்டே படித்தேன். அந்தச் செருப்பு இடம் வந்ததும் தரையில் உட்கார்ந்துவிட்டேன். பழுப்புச் செருப்பு அது, வார் அறுந்து சித்தப்பா ஊசி குத்திக் கொடுத்தது. வாசலில் நின்றதை அம்மா கவனித்தாள் என்பதே எனக்கு இத்தனை வருடமாகத் தெரியாது.

பதினொரு மணிக்கு உனக்குப் போன் பண்ணினேன்.

இல்லையே, அன்றைக்குப் போன் வரவில்லையே என்று நீ நினைப்பாய். பொறுத்துப் படி.

நிலையத்து அலுவலகத்தில் போனை எடுத்தவர்கள் உன்னை ஏணியிலிருந்து இறங்கி வரச் சொன்னார்கள். ஒரு மணி நேரத்துக்கு மேல் பேசினோம். முதலில் நான் கத்தினேன். பிறகு நீ அழுதாய், அப்புறம் நானும். அம்மா உன்னைச் சொன்னது தப்பு, சாகப் போகிறவள் என்றாலும் தப்பு என்றேன். கடைசியில் நீ கேட்ட வார்த்தையையும் சொன்னேன். “சரி விடுடி,” என்றேன். மனதாரத்தான் சொன்னேன். அதில் பொய் இல்லை.

நீ மூக்கை உறிஞ்சிக்கொண்டே சிரித்தாய். பசிக்கிறது அக்கா, போய்ச் சாப்பிடப் போகிறேன் என்றாய். உன் குரல் சின்னப் பிள்ளைக் குரலாகிவிட்டது. போனை வைத்துவிட்டு நான் பாத்திரம் கழுவினேன். ஒரு தட்டு கழுவும்வரை நன்றாகத்தான் இருந்தது. இரண்டாவது தட்டில் நினைத்தேன், இவள் இப்போது வயிறு நிறையச் சாப்பிட்டுக்கொண்டிருப்பாள். நான்கு வருடம் சித்தி முகத்தைத் திருப்பிக்கொண்டதெல்லாம், வாசல் மேஜை அம்மாளை நான் அழவைத்ததெல்லாம், ஒரு மணி நேரப் பேச்சில் அவளுக்கு முடிந்துவிட்டது. நான் மறந்தால் ஒழிய எனக்கு முடியாது. மறக்க எனக்கு வழியில்லை. அம்மா என்னிடம் பேசியதோ ஞாபகத்திலேயே இல்லை, உன் காகிதத்தில் படித்ததுதான்.

ஆடியை மறுபடி தேய்த்தபின் மூன்று வருட வெளிச்சம், ஆறு மணி நேரம், குடுவையில் சேர்ந்திருந்தது. மத்தியானம் மூன்று மணிக்கு உள்ளே போய்க் கதவைச் சாத்தினேன். இருவரும் சேர்ந்துதான் திருப்புவது என்ற பேச்சு எனக்கு மறக்கவில்லை. தெரிந்துதான் செய்தேன்.

வெளியே வந்தபோது அதே செவ்வாய் காலை ஒன்பது மணி. பத்து மணிக்கு உன் கடிதம் மறுபடி வந்தது. பிரிக்கவில்லை. போனும் பண்ணவில்லை. உன் கடிதத்தை இதோடு சேர்த்து அனுப்புகிறேன். உறை ஒட்டினபடியே இருக்கிறது, பார். அதற்குள் நீ எழுதிய செருப்பையும், கேட்ட ‘சரி விடு’வையும் மேலே எழுதியிருக்கிறேன். நான் சொல்வதை நம்ப அது போதும்.

குடுவை காலி. ஆடியை நேற்று இறக்கிப் பட்டறைக்காரரிடம் கொடுத்துவிட்டேன், உருக்கிக்கொள்ளச் சொல்லி. பல்சக்கரங்கள் உன்னுடையவை, தனிப் பார்சலில் வரும்.

இனி நான் எழுதமாட்டேன். நீயும் எழுதாதே.

போனை வைக்கும் முன்னால் நீ ஒன்று சொன்னாய், பிறந்ததிலிருந்து என்னிடம் நீ சொல்லாத ஒன்று. என்ன சொன்னாய் என்று உன்னால் கண்டுபிடிக்க முடியாது. நான் கேட்டேன். என்னிடம் இருக்கிறது.

அக்கா